கன்னத்தருகே ஓர் ஒளிமானி

எழுபதுகளில் ரொறன்ரோவில் எடுத்த ஓர் ஆங்கிலப் படத்தில், தேநீர்த் தட்டோடு வரும் வெயிற்றராக நடிக்கப் போயிருந்தேன். ஒளிப்பதிவாளர் இங்கிலாந்துக்காரர். நெட்டையான மனிதர், முழங்கை கிழிந்த ஸ்வெட்டர். முப்பது வருடமாகப் படம் பிடிப்பவர் என்றார்கள். ஒவ்வொரு காட்சிக்கும் முன் கதாநாயகியின் கன்னத்தருகே ஒளிமானியைப் பிடித்து வெளிச்சத்தை அளப்பார். வெள்ளை முகத்துக்கு அளந்த வெளிச்சத்தில் என்னைப் போன்ற கறுப்பு முகம் வெறும் நிழலாகிவிடும். அதற்கு யாரும் கவலைப்படுவதில்லை.

அன்று அவர் என்னிடமும் வந்து, என் கன்னத்தருகே ஒளிமானியைப் பிடித்தார். பிறகு ஒரு விளக்கை என் பக்கம் திருப்பச் சொன்னார்.

"அவர் தேநீர் கொண்டுவருபவர்தானே? நேரமாகிறது" என்று உதவி இயக்குநர் முறைத்தார்.

"அவருக்கும் முகம் இருக்கிறது. காத்திருங்கள்" என்றார் ஒளிப்பதிவாளர்.

பத்து நிமிடம் எல்லோரும் எனக்காக நின்றார்கள்.

படம் வந்ததும் மனைவியோடு போனேன். திரையில் இரண்டு செக்கன்தான் வந்தேன். என் முகம் புருவமுடிவரை துலக்கமாகத் தெரிந்தது.

"இஞ்சருங்கோ, இவ்வளவு வடிவான ஆளையோ நான் கட்டியிருக்கிறன்?" என்றாள் மனைவி, தியேட்டரே திரும்பிப் பார்க்க.

கடைசியில் ஓடிய பெயர்களில் என் பெயர் இல்லை. அந்த ஒளிப்பதிவாளருடைய பெயர் வந்தபோது நான் எழுந்து நின்றேன்.