மகள் சொன்ன உண்மை

விருத்தாசலத்தில் ஒரு செராமிக் கம்பெனியில் நான் சூப்பர்வைசர். சூளையிலிருந்து வரும் பீங்கான் பியூஸ் கேரியர்களை ஒன்றோடொன்று தட்டிப் பார்ப்போம். கணீரென்று கேட்டால் நல்லது. சத்தம் மழுங்கினால் உள்ளே விரிசல். அந்த வேலையைப் பல வருடமாகச் செய்துவந்த, நாங்கள் அக்கா என்று கூப்பிடும் பெண்ணுக்குக் காது மந்தமாகிவிட்டது. கணவர் இல்லாதவர். அவர் தட்டி வைத்ததை நான் மறுபடி தட்டிப் பார்த்துவந்தேன். காரணத்தை வீட்டில் மட்டும் சொல்லியிருந்தேன்.

கோடை லீவில் ஒரு நாள், ஒன்பதாவது படிக்கும் என் மகள் எனக்குச் சாப்பாடு கொண்டுவந்தாள். அப்போது முதலாளி வந்தார்.

"என்ன பாப்பா, உங்கப்பா தட்டுனதையே தட்டிக்கிட்டு இருக்காரு, தாளம் கத்துக்கிறாரா?" என்று சிரித்தார்.

"இல்ல சார். அத்தைக்குக் காது சரியா கேக்கல, அதான் அப்பா இன்னொரு வாட்டி பாக்குறாங்க."

முதலாளி என்னைப் பார்த்தார். அக்காவுக்காக ஒரு வார்த்தை பேசியிருக்கலாம். என் வேலையை நினைத்து வாயைத் திறக்கவில்லை. திங்கட்கிழமை முதல் அக்காவை வேலைக்கு வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள்.

வீட்டில் மகளிடம் கோபப்பட்டேன்.

"பொய் சொல்லக் கூடாதுன்னு நீங்கதானப்பா சொன்னீங்க? அத்தைக்காக நீங்க அங்கயே பேசியிருக்கலாம்ல?"

உண்மையைப் பற்றி அவளுக்கு எத்தனையோ முறை சொல்லியிருக்கிறேன். இரக்கத்தைப் பற்றிச் சொன்னதே இல்லை. என்னைப் பார்த்துத் தெரிந்துகொள்வாள் என்றிருந்தேன். அன்று அவள் பார்த்தது என் பயத்தைத்தான்.

இப்போதெல்லாம் யார் எதைக் கேட்டாலும் மகள் முதலில் என் முகத்தைப் பார்க்கிறாள். பக்கத்து வீட்டுக்காரர் "சாப்டியா?" என்று கேட்டால்கூட. அதற்குப் பிறகுதான் அவளிடமிருந்து பதில் வருகிறது.