ஒன்பதாவது பாட்டை நிறுத்தக் கும்மிடிப்பூண்டி போன கதை

கும்மிடிப்பூண்டிக்குப் போக நினைப்பவர்களுக்கு முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: திருவள்ளூர் ரயிலில் ஏறாதீர்கள். நாங்கள் ஏறினோம். போன மாதம், மண்டையைப் பிளக்கிற வெயிலில்.

நாங்கள் என்றால் நானும் மேபெல் ஆன்ட்டியும். ஆன்ட்டிக்கு அறுபத்தேழு வயது, பெரம்பூரில் எங்கள் தெரு. ப்ளூஸ், சோல் என்று அமெரிக்கக் கறுப்பின மக்கள் அடிவயிற்றிலிருந்து இழுத்துப் பாடுவார்களே, அந்தப் பாட்டுகளை ஒரு காலத்தில் மெட்ராஸ் ஓட்டல்களில் பாடிக் கொடிகட்டிப் பறந்தவர். இருபது வருடம் சும்மா இருந்துவிட்டு, இப்போதுதான் ஸ்டுடியோவில் ஒரு ஆல்பம் பதிவு செய்திருக்கிறார். மொத்தம் ஒன்பது பாட்டு. பேஸ் கிடார் நான். வங்கி வேலை போக மிச்ச நேரத்தில் இந்தப் பைத்தியக்காரத்தனம்.

தகராறு ஒன்பதாவது பாட்டில். கணவர் ஹென்றி இறந்தபின் ஆன்ட்டியே எழுதிய பாட்டு அது. பாடும்போது ஓரிடத்தில் தொண்டை அடைத்து நின்றுவிட்டார். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை, அப்புறம் தொடர்ந்து பாடி முடித்தார். தயாரிப்பாளர் அதை அப்படியே வைத்துக்கொண்டார். ஆன்ட்டிக்கு மானம் போகிறது. “இருபத்தஞ்சு வருஷம் ஸ்டேஜ்ல நின்னவ மேன் நான். என் குரல் உடைஞ்சி ஒருத்தன் கேட்டதில்ல. கடைசி ரெக்கார்டுல கேக்கணுமா?” என்று இரண்டு நாளாக அழுகை. தயாரிப்பாளரின் போன் அணைந்தே கிடக்கிறது. சிடி அச்சடிக்கும் தொழிற்சாலையிலோ, “இன்னிக்கி மத்தியானம் மிஷின்ல ஏறுது. நிறுத்தணும்னா பாடுனவங்க நேர்ல வந்து கையெழுத்துப் போடணும்” என்று சொல்லிவிட்டார்கள்.

விலாசத்தின் கடைசி வரியில் திருவள்ளூர் என்று இருந்தது. ஆன்ட்டி அதை மட்டும் படித்தார். நானும், படித்தவன்தானே, சரி என்று தலையாட்டினேன். பெரம்பூரில் எட்டே காலுக்கு ஏறி, ஒன்பதரைக்குத் திருவள்ளூரில் இறங்கி, டீக்கடைக்காரரிடம் விலாசத்தை நீட்டினேன்.

“இன்னா சார், இது கும்மிடிப்பூண்டியாச்சே! திருவள்ளூரு ஜில்லா பேரு சார். நீ ராங் லைன்ல வந்துக்கினு கீறியே!”

மாவட்டத் தலைநகர் இங்கே, தொழிற்பேட்டை அந்தக் கோடியில். இதை விலாசம் எழுதுகிறவர்கள் யோசிக்கவே மாட்டார்களா? எனக்கு வந்த கோபத்தில் டீயைக்கூட முழுசாகக் குடிக்கவில்லை. பெரியபாளையம் பஸ், அங்கிருந்து புதுவாயலுக்கு ஒன்று, நெடுஞ்சாலையில் மூன்றாவதாக ஒன்று. நாற்பத்தைந்து கிலோமீட்டர் சொச்சத்துக்கு மூன்று மணி நேரம். ஆன்ட்டி வழியெல்லாம் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு, “மிஷின் ஓட்டிருப்பான் மேன், ஓட்டிருப்பான்” என்று என் உயிரை எடுத்தார்.

கும்மிடிப்பூண்டியில் இறங்கியதும் ஆட்டோக்காரரிடம் நான் வாயைத் திறப்பதற்குள் ஆன்ட்டி முந்திக்கொண்டார்: “சோல் மியூசிக் கம்பெனி போணும்பா.”

“சோல் கம்பெனிதான? தெரியும், குந்து.” அறுபது ரூபாய். சிப்காட் தொழிற்பேட்டைக்குள் லாரிகளுக்கு நடுவே சுற்றிச் சுற்றி ஒரு பெரிய கேட்டில் கொண்டுபோய் இறக்கினார். உள்ளேயிருந்து ரப்பர் நாற்றம் மூக்கைத் துளைத்தது. ஷூவுக்கு அடியில் ஒட்டுகிற சோல் தயாரிக்கும் கம்பெனி! நான் தலையில் அடித்துக்கொண்டேன்.

“பாட்டு சிடின்னு சொல்றதுக்கு இன்னா? சும்மா சோலு சோலுன்னா நான் இன்னாத்தக் கண்டேன்? பேஜாரா போச்சு உங்களோட” என்று அவர் எங்களைத் திட்டினார். திரும்பவும் நாற்பது ரூபாய்.

ஒருவழியாகச் சரியான இடத்துக்குப் போனபோது மணி ஒன்றரை. நல்லவேளை, காலையிலிருந்து கரண்ட் இல்லையாம். மிஷின் இன்னும் ஓடவில்லை. என் வாழ்க்கையில் மின்வெட்டுக்கு நன்றி சொன்னது அன்றைக்கு மட்டும்தான். விஷயத்தைக் கேட்ட மேனேஜர், கையெழுத்துப் போடவேண்டிய தாளை எடுக்க உள்ளே போனார்.

பக்கத்து அறையில் ஜெனரேட்டர் கரண்டில் மாதிரி சிடியைச் சரிபார்த்துக்கொண்டிருந்தார் ஒரு பெண். பெயர் வள்ளியம்மா என்று பிறகு தெரிந்தது. ஒன்பதாவது பாட்டைத்தான் திரும்பத் திரும்பப் போட்டுக்கொண்டிருந்தார். குரல் நின்ற இடத்தில் நிறுத்தி, எங்களை நிமிர்ந்து பார்த்தார்.

“பாடுனது நீங்களாம்மா? இங்க கட்டாவுது. ஃபால்ட்டுன்னு நெனச்சி நாலு தபா போட்டுட்டேன். அந்த எடத்துல இன்னா வரணும்?”

ஆன்ட்டி தலையைக் குனிந்துகொண்டார். “ஹென்றி. என் ஹஸ்பெண்ட் பேரு.”

“அதான பாத்தேன்!” வள்ளியம்மாவுக்கு முகமெல்லாம் தெளிந்துவிட்டது. “ஊட்டுக்காரரு பேர எப்டிம்மா மைக்குல சொல்றது? நாக்கு வராதே. எங்கூட்டுக்காரரு போயி ரெண்டு வருசமாவுது. உசுரோட இருக்கசொல்லவும் நான் பேரு சொன்னதில்ல, இப்பவும் சொல்றதில்ல. சரியாத்தான் நிறுத்திக்கிறீங்க.”

ஹென்றி அங்கிளை மூன்று தெருவுக்குக் கேட்கும்படி பேர் சொல்லிக் கத்திக் கூப்பிட்டவர் மேபெல் ஆன்ட்டி. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஆன்ட்டியும்தான் சிரித்தார். சிரித்துக்கொண்டே இருந்தவர், வள்ளியம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். “அவன் போனப்பறம் அந்தப் பேரை வாய்விட்டுச் சொல்ல முடியலம்மா எனக்கு” என்றார்.

மேனேஜர் தாளோடு வந்தார். ஆன்ட்டி கண்ணைத் துடைத்துக்கொண்டு, “வேணாம். அப்படியே ஓட்டுங்க” என்றார்.

மூன்று பஸ், இரண்டு ஆட்டோ சவாரி, ஒரு நாள் லீவு, எல்லாம் எதற்கு? எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. திரும்பும்போது நேர் ரயிலில் சென்ட்ரலுக்கு ஒன்றரை மணி நேரம்தான். அதை நினைத்து இன்னும் எரிந்தது. ஆன்ட்டி மீஞ்சூர் வருவதற்குள் தூங்கிவிட்டார்.

போகிறவர்களுக்கு: சென்ட்ரல் பக்கத்திலுள்ள மூர்மார்க்கெட் நிலையத்தில் கும்மிடிப்பூண்டி ரயிலில் ஏறுங்கள். குடிக்கத் தண்ணீர் கையில் இருக்கட்டும். சிப்காட்டுக்குள் கம்பெனியின் பெயரைச் சொல்லுங்கள், சோல் என்ற வார்த்தையை மட்டும் எடுக்காதீர்கள்.

சிடி வந்துவிட்டது. வாங்குகிறவர்களுக்கும் ஒன்று. ஒன்பதாவது பாட்டில் நடுவே சத்தம் நின்றுபோகும். சிடியை வெளியே எடுத்துத் துடைக்காதீர்கள். அந்த இடத்தில் ஒரு பெயர் இருக்கிறது.