மூன்றாவது துண்டு

நான் பயந்தாங்கொள்ளி. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பின்னால் நடந்ததைப் படித்துவிட்டு யாரும் என்னைப் பெரிய தைரியசாலி என்று நினைத்துக்கொள்ளக் கூடாது. பல்லி மேலே விழுந்தால் தெருவுக்கே கேட்கும்படி கத்துவேன். அப்படிப்பட்டவள் கும்மிடிப்பூண்டியில் கம்பி உருட்டும் ஆலை ஒன்றின் சோதனை அறையில் பதினோரு வருடம் வேலை பார்த்தேன்.

வேலை ஒன்றும் கஷ்டமில்லை. காயலாங்கடை இரும்பை உலையில் உருக்கி, வீடு கட்டுகிற கம்பியாக உருட்டி அனுப்புவார்கள். ஒவ்வொரு முறை உருக்குவதற்கும் ஓர் எண் உண்டு. அந்த எண்ணிலிருந்து அரை மீட்டர் துண்டு ஒன்று என் மேசைக்கு வரும். அதை மெஷினில் வளைத்து, கொதிக்கிற தண்ணீரில் அரை மணி நேரம் போட்டு, ஆறவிட்டுத் திருப்பி நிமிர்த்த வேண்டும். வளைந்த இடத்தில் வெடிப்பு விடாவிட்டால் கம்பி தேறிவிட்டது. நான் சான்றிதழில் கையெழுத்துப் போடுவேன், லாரி கிளம்பும்.

வெடிப்பு விட்டால் இன்னும் இரண்டு துண்டு எடுக்கலாம், அவை இரண்டுமே தேற வேண்டும். அது சுவரில் மாட்டியிருந்த விதி. எங்கள் அறையின் வழக்கம் வேறு. தேறுகிற துண்டு கிடைக்கிறவரைக்கும் எடுப்போம். "இன்னொரு பீஸ் எடும்மா" என்பார் சூப்பர்வைசர், டீ சொல்வது மாதிரி. எனக்கு முன்னால் இருந்தவரும் அப்படித்தான் செய்தார். அவர் எனக்கு வேலை சொல்லிக்கொடுத்தபோது விதியையும் காட்டினார், வழக்கத்தையும் காட்டினார், இரண்டுக்கும் நடுவில் ஒரு சின்னச் சிரிப்புச் சிரித்தார்.

அந்தக் கோடையில் ஊரே வீடு கட்டியது. கவரைப்பேட்டையிலிருந்து ரயிலில் வரும்போது இருபக்கமும் கல் நட்டு, கலர் கொடி கட்டின மனைகள். போன மாதம் நெல் அறுத்த இடத்தில் இந்த மாதம் ஆர்ச் நிற்கும். எந்த பில்டரைக் கேட்டாலும் கம்பி கிடைக்கவில்லை, மணல் கிடைக்கவில்லை, ஆள் கிடைக்கவில்லை என்றுதான் பேச்சு. எங்கள் ஆலை வாசலில் லாரிகள் சர்வீஸ் ரோடு வரைக்கும் நின்றன. டிரைவர்கள் வண்டிக்கு அடியில் அடுப்பு வைத்துச் சோறாக்கினார்கள்.

அப்படி ஒரு நாள், ஓர் எண்ணில் முதல் துண்டு வெடித்தது. இரண்டாவதும் வெடித்தது. சூப்பர்வைசர் அன்றைக்கு என் பக்கத்திலேயே நின்றார். மூன்றாவது துண்டு தாங்கியது. கையெழுத்துப் போட்டேன். ஒரே எண்ணை மூன்று முறை எழுதியதால் அது மனசில் ஒட்டிக்கொண்டது. மற்றபடி எனக்கு ஒரு உறுத்தலும் இல்லை. வீட்டுக்குப் போய் நன்றாகச் சாப்பிட்டேன்.

அதே கோடையில்தான் நாங்களும் வீடு வாங்கினோம். என்னைப் பெற்றவர்கள் அடுத்தவர் நிலத்தில் நாற்று நட்டவர்கள். என் வீட்டுக்காரர் குடோனில் சரக்குத் தூக்கும் வண்டி ஓட்டுகிறார். எங்கள் இரண்டு குடும்பத்திலும் சொந்தப் பத்திரத்தோடு காங்கிரீட் வீடு வைத்திருந்தவர் யாரும் இல்லை. கவரைப்பேட்டை ஸ்டேஷனுக்குக் கொஞ்சம் தள்ளி, தண்டவாளத்தை ஒட்டி, ஒரு பில்டர் எட்டு வீடு கட்ட ஆரம்பித்தார். இரண்டாம் மாடியில் ஒன்றைப் பிடித்தோம். அட்வான்ஸ் கொடுத்த அன்றைக்கு எனக்குத் தலைகால் புரியவில்லை. "எங்க கம்பெனி கம்பியே போடுங்க சார், நான் செக் பண்ணி அனுப்புற கம்பி" என்றேன். யாரும் கேட்கவில்லை, நானாகத்தான் சொன்னேன். பில்டரும் என் மனசு குளிர அப்படியே செய்தார்.

எங்கள் பக்கம் வீடு வாங்குகிறவர்கள் சாயந்திரமானால் சைட்டுக்கு வந்து காங்கிரீட்டுக்குத் தண்ணீர் ஊற்றுவார்கள். கூலிக்காரர்களை நம்பினால் காயவிட்டுவிடுவார்கள் என்று ஒரு பயம். அப்படித்தான் முதல் மாடி வீட்டுக்கார அம்மாவோடு பழக்கமானது. பழவேற்காடு பக்கம் ஏரியில் மீன் பிடிக்கிற குடும்பம். புயலுக்குப் புயல் வீட்டுக்குள் தண்ணீர் வருகிறது என்று மாடியில் வீடு பார்த்தவர்கள். என்னைவிடப் பத்து வயது மூத்தவர், நான் அக்கா என்பேன். அவர் என்னை மேடம் என்பார், எவ்வளவு சொன்னாலும் கேட்க மாட்டார்.

"நீங்க இரும்புக் கம்பெனில கீறீங்க. நீங்களே இங்க வாங்கறீங்கன்னு பில்டரு சொன்னாரு. அதான் நாங்களும் ரோசன பண்ணாம வாங்கிக்கினோம்" என்றார் ஒரு நாள், வாளியைக் கவிழ்த்துக்கொண்டே.

எனக்குப் பெருமையாக இருந்தது. உண்மையைச் சொல்ல வேண்டும், அன்றைக்குக் கொஞ்சம் நிமிர்ந்தே நடந்தேன்.

கீழ்த்தளத்தில் மிச்சக் கம்பிகள் கிடந்தன. கம்பிக் கட்டுகளில் எண் பொறித்த தகரச் சீட்டு தொங்கும். அதைப் பார்த்தால் படிக்காமல் இருக்க எனக்கு வராது, தொழில் புத்தி. குனிந்து படித்தேன். மூன்று முறை எழுதிய எண்.

மேஸ்திரியைக் கூப்பிட்டு, இந்தக் கட்டுக் கம்பி எங்கே போயிருக்கிறது என்று கேட்டேன்.

"அதுவா மேடம்? படிக்கட்டுப் பக்கம் நாலு பில்லரு. கீழேர்ந்து மேல வரிக்கும் அதான். சூப்பரா வந்துச்சு" என்றார்.

அப்போது ஒரு கூட்ஸ் வண்டி போனது. தினமும் போகிற வண்டிதான். காலுக்கடியில் தரை அதிர்ந்தது. நான் அந்த நான்கு தூண்களையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டு நின்றேன். கடைசிப் பெட்டி போகிறவரைக்கும் மூச்சே விடவில்லை.

ஒருவேளை நல்ல கம்பியாக இருக்கலாம் அல்லவா? மூன்றாவது துண்டு தாங்கியதே. அந்த ஒரு நூலைப் பிடித்துக்கொண்டு, மிச்சக் கம்பியில் மூன்று துண்டு வெட்டித் தரச் சொன்னேன். மேஸ்திரி எதற்கு என்று கேட்டதற்கு, கொடி கட்ட என்றேன். எங்கள் ஆலை வாசலில் வெளியே போகிறவர்களுடைய சாப்பாட்டுக் கூடையைக்கூடக் கிளறுவார்கள், இரும்பு திருடுகிறோமாம். உள்ளே இரும்பு கொண்டுபோகிறவளை யார் சோதிப்பார்கள்? தினம் ஒன்றாக, மடக்கிய குடைக்குள் சொருகிக்கொண்டு போனேன். வெயில் காலத்தில் குடை எதற்குச் சந்தேகம் தரும்? ஆனாலும் செக்யூரிட்டி வணக்கம் சொன்னபோதெல்லாம் குடையை மறுபக்கத்துக்கு மாற்றிக்கொண்டேன்.

எல்லாரும் சாப்பிடப் போன நேரத்தில் சோதித்தேன். முதல் நாள் துண்டு தாங்கியது. எனக்கு அழுகையே வந்துவிட்டது. கேன்டீனுக்கு ஓடி இரண்டு முறை சோறு வாங்கிச் சாப்பிட்டேன். இரண்டாம் நாள் துண்டில் முடி மாதிரி ஒரு வெடிப்பு. அது வெடிப்பா, உருட்டும்போது விழுந்த கோடா என்று ஜன்னலோரம் கொண்டுபோய்த் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். வெடிப்புத்தான். மூன்றாம் நாள் துண்டு நிமிர்த்தும்போதே டப்பென்று இரண்டாகப் போனது. அந்தச் சத்தத்தைப் பதினோரு வருடத்தில் எத்தனையோ தடவை கேட்டிருக்கிறேன். அன்றைக்குத்தான் அது எனக்குள் கேட்டது. உடைந்ததைப் பொறுக்கிப் பழைய இரும்புத் தொட்டியில் போட்டுவிட்டு, முகம் கழுவிக்கொண்டு, அடுத்த லாரிக்குக் கையெழுத்துப் போட்டேன்.

வீட்டுக்காரரிடம் சொன்னேன். "தே பாரு, பேஜாரு பண்ணாத. வெளிய தெரிஞ்சா மொதல்ல உன் வேல போவும், அப்பறம் போலீசு. பில்டரு காதுல மட்டும் போட்டு வெப்போம்" என்றார். அவர் கெட்டவர் இல்லை. அவருக்கும் என்னைப் போலவே பயம்.

பில்டர் எங்களை உட்கார வைத்துக் கூல்டிரிங்க்ஸ் வரவழைத்தார். நான் திக்கித் திணறிச் சொல்லி முடித்தேன். அவர் கோபப்படவில்லை. பீரோவைத் திறந்து ஒரு ஃபைலை எடுத்து, சான்றிதழை என் பக்கம் திருப்பி வைத்தார்.

"நானும் புள்ளகுட்டிக்காரன் மேடம். பேப்பரைப் பாத்துதான் கம்பி எறக்கினேன். இது உங்க கையெழுத்துதான?"

என் கையெழுத்துத்தான். கடைசி எழுத்துக்குக் கீழே கோடு இழுப்பேன், அதுவும் அழகாக இருந்தது.

"நீங்க பயந்துட்டீங்க. பரவால்ல" என்றார் அவர். "மணவாள நகர்ல எனக்கு இன்னொரு சைட்டு கீது. அங்க வேற கம்பெனி கம்பி. உங்க புக்கிங்க அங்க மாத்திக் குடுத்துடறேன். இந்தப் பேச்ச இத்தோட வுட்ருவோம்."

ஞாயிற்றுக்கிழமை போய்ப் பார்த்தோம். நல்ல வீடு. சமையலறையில் பெரிய ஜன்னல், நல்ல காற்று. கிரைண்டரை எங்கே வைக்கலாம், பாத்திர ஸ்டாண்டை எந்தச் சுவரில் அடிக்கலாம் என்று நான் கையால் அளந்து பார்த்தேன். என் வீட்டுக்காரர் பால்கனியில் நின்று சிரித்தார். அந்த அரை மணி நேரம் எனக்குப் பயமே இல்லை. நான் செய்தவற்றிலேயே அதைத்தான் இன்றுவரை என்னால் மன்னிக்க முடியவில்லை.

அதற்குப் பிறகு கவரைப்பேட்டை சைட்டுப் பக்கம் போகவில்லை. ஸ்டேஷனில் இறங்கினால் சுற்றுவழியில் வீட்டுக்குப் போவேன். கூட்ஸ் வண்டிச் சத்தம் கேட்டால் காதைப் பொத்திக்கொள்வேன். எங்கேயாவது லாரி மண் கொட்டினால் திடுக்கிட்டுத் திரும்பிப் பார்ப்பேன். கட்டடம் அப்படியே விழுந்துவிடாது, நாலு தூணில் எல்லாக் கம்பியுமா உடையும், இப்போதைக்கு உள்ளே யார் இருக்கிறார்கள் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். இன்னும் மூன்றாவது மாடி ஏறவில்லை, பாரம் இல்லை என்றும் கணக்குப் போட்டேன். அறிவுள்ளவளுக்குத் தன்னையே ஏமாற்றிக்கொள்ள எத்தனை வழி!

ஒரு நாள் ஸ்டேஷன் படியில் அந்த அக்கா வழியை மறித்துக்கொண்டு நின்றார். கையில் மீன் கூடை, காலி.

"இன்னா மேடம், கண்ணுலயே காணோம்? மணவாள நகருக்கு மாத்திக்கினு போறீங்களாமே? இந்த ஊடு இன்னா பண்ணுச்சு?"

ஆபீஸ் தூரம் என்று சொல்ல முடியாது. மணவாள நகரிலிருந்து கும்மிடிப்பூண்டிக்கு வரத்தான் இன்னும் தூரம், அது அவருக்கும் தெரியும். வேறு பொய் எதுவும் வாயில் வரவில்லை. என் தைரியத்தால் சொன்னேன் என்று நினைக்காதீர்கள். பொய் கிடைக்காததால் சொன்னேன். கம்பி, மூன்று துண்டு, கையெழுத்து, படிக்கட்டுப் பக்கத்து நான்கு தூண், எல்லாவற்றையும் படியில் உட்கார்ந்து சொன்னேன். ரயிலுக்கு வந்தவர்கள் எங்களைத் தாண்டித் தாண்டி ஏறினார்கள்.

அவர் கூடையைக் கீழே வைத்தார்.

"எப்பத்துல இருந்து தெரியும்?"

"பதினஞ்சு நாளா, அக்கா."

"பதினஞ்சு நாளா" என்றார் அவர். "நான் தெனம் அந்தப் படில ஏறித்தான் தண்ணி ஊத்திக்கினு கீறேன். உன் ஊட்டுக்கும் சேத்து. நீ வரல, மேடத்துக்கு ஒடம்பு சரியில்ல போலன்னு."

மேடம் போய் நீ வந்துவிட்டது. அவர் திட்டவில்லை, திட்டியிருந்தால் தேவலை. மடியிலிருந்து போனை எடுத்து, மற்ற ஆறு வீட்டுக்காரர்களில் ஒருவருடைய நம்பரை அழுத்தி, என் கையில் திணித்தார். "நீயே சொல்லு" என்றார்.

அப்புறம் நடந்ததெல்லாம் பெரிய கதை. எட்டுக் குடும்பமும் சைட்டில் கூடியது, இன்ஜினியரை வரவழைத்தது, தூண்களைக் கொத்திப் பார்த்தது, கட்டடத்தை மேலே ஏற்றாமல் நிறுத்தியது. என் வேலை அந்த வாரமே போனது. நாங்கள் இன்னும் வாடகை வீட்டில்தான் இருக்கிறோம். அதற்கெல்லாம் நான் தயாராகத்தான் இருந்தேன், பயந்து பயந்தே தயாராகியிருந்தேன்.

தயாராக இல்லாதது அந்தப் போனுக்குத்தான். வெயிலேறிய படியில் உட்கார்ந்து, அக்கா எதிரில் நிற்க, ஆறு பேருக்கும் ஒருவர் பின் ஒருவராகப் பேசினேன். தூண் எவ்வளவு மோசம், இடிந்துவிடுமா, போட்ட பணம் என்ன ஆகும் என்று கேட்பார்கள், பதில் சொல்லலாம் என்று மனசுக்குள் ஒத்திகை பார்த்திருந்தேன். அதெல்லாம் பிறகுதான் கேட்டார்கள். ஆறு பேருமே முதலில் கேட்டது, எனக்கு எப்போதிலிருந்து தெரியும் என்பதைத்தான். ஆறு முறையும் நான் பதினைந்து நாள் என்று சொன்னேன்.