திரும்பி வரும் முத்திரை

உள்ளறையிலிருந்து அழுகைச் சத்தம் கேட்டது.

நகலெடுக்கும் இயந்திரத்தின் மூடியைப் பிடித்தபடி கேசினி அப்படியே நின்றாள். அது அப்பாவின் சத்தம் இல்லை. படுத்த படுக்கையாகக் கிடக்கும் அப்பா அழமாட்டார், கைத்தடியால் கட்டிலைத் தட்டுவார். இது வேறு. தலையணையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு, யாருக்கும் கேட்டுவிடக்கூடாதே என்று அடக்கி, அடக்க முடியாமல் உடைந்து வரும் ஆண்பிள்ளை அழுகை.

"அக்கா, காகிதம் உள்ள மாட்டிக்கிச்சா?" என்றான் எதிரே நின்ற கோல்பி. தலையிலிருந்து நீர் சொட்ட, கன்னமெல்லாம் வெள்ளை மாவு அப்பிக்கொண்டு, தொந்தியைத் தாங்கி நின்ற அமெரிக்கன். வெளியே வருஷப்பிறப்புத் தண்ணீர்த் திருவிழாவின் கடைசி நாள். லாரிகளில் மேளமும் கூச்சலும் போய்க்கொண்டிருந்தன.

"இல்ல. நீ சொல்லு."

"எந்த நாட்டுலதான் எனக்கு வேலை குடுப்பாங்க? நேராச் சொல்லிடு."

"வியட்நாம் பட்டம் கேக்கும். கொரியா பட்டத்தோட நல்ல பேரும் கேக்கும். ஜப்பான் அதுக்கு மேல பொறுமையும் கேக்கும். உன்கிட்ட மூணும் கிடையாது."

"கம்போடியா?"

"அங்க மூச்சு விட்டாப் போதும். போறதுக்கு முன்னாடி..."

"திரும்பி வர முத்திரை வாங்கிட்டியா! தெரியும் தாயே." கோல்பி கும்பிடு போட்டுவிட்டு, பாதி இறக்கியிருந்த கதவின் கீழே குனிந்து மறுபடியும் தண்ணீருக்குள் ஓடினான்.

தாய்லாந்தின் எல்லையிலிருக்கும் நோங்காய் ஊரில் வேலை பார்க்கும் வெள்ளைக்காரர்கள் எல்லோரும் அவளை முத்திரைக்காரி என்றே கூப்பிடுவார்கள். குடிநுழைவு அலுவலகத்துக்கு எதிரே அவள் கடை. படிவம் நிரப்புவாள், படம் எடுப்பாள், நகல் எடுப்பாள். எவன் பாஸ்போர்ட்டை நீட்டினாலும் முதல் கேள்வி அதுதான். வருஷ அனுமதி வாங்கி வேலை செய்கிறவன், திரும்பி வரும் முத்திரை இல்லாமல் மீகோங் ஆற்றுப் பாலத்தைத் தாண்டி லாவோஸ் மண்ணில் கால் வைத்துவிட்டால், மிச்சமிருக்கும் அனுமதி அத்தனையும் பாலத்தின் மேலேயே செத்துப்போகும். வேலையும் கூடவே போகும். ஒரு மத்தியானச் சாப்பாட்டுக்காக அக்கரைக்குப் போய் வாழ்க்கையைத் தொலைத்தவர்களை அவள் பார்த்திருக்கிறாள். அதனால்தான் கடைச் சுவரில் சிவப்பு மையில் அத்தனை பெரிய எழுத்தில் எழுதி ஒட்டியிருந்தாள்.

அவள் உள்ளே போனாள். அவளோடு குடும்பம் நடத்தும் ஆங்கில வாத்தியார் வெண்டல் கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்திருந்தார். ஐம்பதைத் தாண்டிய, இளவயசில் கண்ணாடித் தொழிற்சாலை உலையில் காய்ந்து சிவந்த முகம் இன்று வீங்கிக் கிடந்தது.

"அம்மாவா?"

"தங்கச்சி பேசினா. ரெண்டு ராத்திரி தாண்டாதாம். வாசல் பக்கமே பாத்துக்கிட்டு இருக்காங்களாம். யார் வந்தாலும் 'வெண்டியா'ன்னு கேக்கறாங்களாம்."

நாலு வருஷத்துக்கு முன்னால் இதே கட்டிலில்தான் அவருடைய அப்பா இறந்த செய்தியும் வந்தது. அப்போது அனுமதி புதுப்பிக்கப் போட்டிருந்த நேரம். போனால் திரும்ப விடமாட்டார்களோ என்ற பயத்தில் வெண்டல் போகவில்லை. அதற்குப் பிறகு ஒரு வருஷம் அவர் அந்தி நேரத்தில் மீகோங் ஆற்றங்கரையில் போய் உட்கார்ந்து அக்கரையையே வெறித்துக்கொண்டிருந்ததை அவள்தான் பார்த்தாள். கூப்பிட்டால் திரும்புவார். கண் மட்டும் திரும்பாது.

"கெளம்புங்க" என்றாள்.

"பாங்காக் பஸ்ஸுல ஒரு சீட் இல்ல. லீவு முடிஞ்சு மொத்தச் சனமும் திரும்புது. அக்கரையில வியன்டியான்லேர்ந்து ராத்திரி ஒரு விமானம் இருக்கு." அவர் நிமிர்ந்து அவளைப் பார்த்தார். "முத்திரை போட்டிருக்கா, கேசினி? ஆபீஸ் நாளன்னிக்குத்தான தெறப்பாங்க?"

அவள் முன்னறைக்கு வந்தாள். பிஸ்கட் டப்பாவைத் திறந்து அவருடைய பாஸ்போர்ட்டை எடுத்துப் புரட்டினாள். வருஷ அனுமதி இருந்தது. அதன் பக்கத்தில் இருக்க வேண்டியது இல்லை. அவர்தான் எங்கும் போவதில்லையே என்று இந்த வருஷம் விட்டுவிட்டாள். ஊருக்கெல்லாம் சொன்னவள் தன் வீட்டுக்குச் செய்யவில்லை.

இது போனால் என்ன போகும் என்று அவளைவிட யாருக்குத் தெரியும்? வெண்டல் கல்லூரியைப் பாதியில் விட்டவர். அவர் சேர்ந்த காலத்தில் ஆற்றங்கரைப் பள்ளிக்கூடத்தில் ஆங்கிலம் பேசும் வாய் இருந்தால் போதுமென்று எடுத்துக்கொண்டார்கள். இப்போது புதிதாக வருகிறவனிடம் பட்டம் கேட்கிறார்கள். பழைய ஆட்களை மட்டும், அனுமதிச் சங்கிலி அறாமல் ஓடுகிறவரை, யாரும் கிளறுவதில்லை. அறுந்தால் அவர் புது ஆள். பட்டமில்லாத புது ஆள். கல்யாணத்தைக் காட்டி அனுமதி வாங்கவும் வழியில்லை. கொரியாவுக்குத் தோட்ட வேலைக்குப் போன அவளுடைய புருஷன், உயிரோடு இருக்கிறானா என்றுகூடச் சொல்லாமல், பதிவேட்டில் இன்னும் புருஷனாகவே இருந்தான். கோர்ட்டில் கேட்டு அறுத்துக்கொள்ளலாம் என்று வக்கீல் சொல்லியிருந்தார். வாத்தியார் அனுமதிதான் ஓடுகிறதே, அடுத்த வருஷம் பார்க்கலாம், அடுத்த வருஷம் பார்க்கலாம் என்று இருவரும் தள்ளிப்போட்டார்கள்.

உண்மையைச் சொன்னால் அவர் போகமாட்டார். அலுவலகம் திறக்கும்வரை காத்திருப்பார். அந்த முத்திரை காய்வதற்குள் அங்கே ஒரு தாயின் கண் வாசலைப் பார்த்தபடியே மூடிவிடும். மறுபடியும் அந்த ஆற்றங்கரை. மறுபடியும் அந்த வெறித்த பார்வை.

"முத்திரை போன மாசமே போட்டாச்சு" என்று அவள் உள்ளறைப் பக்கம் குரல் கொடுத்தாள். தன் குரல் நடுங்கவில்லை என்பது அவளுக்கே ஆச்சரியம். "ஊருக்கெல்லாம் போடச் சொல்றவ உங்களுக்குப் போடாம இருப்பேனா?"

அழுகைக்கு நடுவே அவர் சிரித்தது கேட்டது. "முத்திரைக்காரி!"

புறப்படும்போது அவள் வெள்ளை நூல் எடுத்து வந்தாள். தூரம் போகிறவர்களின் உயிர்கள் வழியில் சிதறிவிடாமல் உடம்போடு சேர்ந்து வீடு திரும்ப வேண்டும் என்று அந்தப் பக்கத்தில் மணிக்கட்டில் நூல் கட்டுவார்கள். அப்பாவும் படுத்தபடியே நடுங்கும் விரல்களால் ஒரு முடிச்சுப் போட்டார். கேசினி தன் முடிச்சைப் போடும்போது வாய்விட்டுச் சொல்ல வேண்டிய வாழ்த்தை விட்டுவிட்டாள். என்னால் போட முடிந்த முத்திரை இது ஒன்றுதான் என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டாள்.

பாலத்தடியில் பாஸ்போர்ட்டை அவளே வாங்கிக் குடிநுழைவுச் சோதனைக் கூண்டுக்குள் நீட்டினாள். வெண்டல் பின்னால் சற்றுத் தள்ளி, ஒரு காதைப் பொத்திக்கொண்டு, மேளச் சத்தத்துக்கு மேல் தங்கையோடு கத்திப் பேசிக்கொண்டிருந்தார். கூண்டில் இருந்தவன் கேசினிக்குத் தெரிந்தவன்தான். பக்கத்தைப் புரட்டியவன் நிமிர்ந்தான்.

"என்னக்கா, இவருக்குத் திரும்பி வர முத்திரை இல்லையே."

"தெரியும்."

"குத்தினேன்னா வருஷம் போச்சு. நீங்களே இப்படிக் கொண்டாந்தா எப்படி?"

"தெரியும் தம்பி. குத்து."

"அவருக்குத் தெரியுமா?"

"அவரு அம்மா சாகக் கெடக்கறாங்க. குத்து."

அவன் அவளைத் தாண்டி வெண்டலை எட்டிப் பார்த்தான். பிறகு குத்தினான். எத்தனையோ பேருக்காகக் கேட்ட அந்தச் சத்தம் அன்று அவள் நெஞ்சின் மேலேயே விழுந்தது.

வெண்டல் போய்ச் சேர்ந்தபோது அம்மாவுக்கு நினைவு இருந்தது. அவர் கன்னத்தைத் தடவி, நூல் கட்டிய மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு, "இது என்னடா வெண்டி, யார் கட்டினா?" என்று கேட்டாராம். "வீட்டுல கட்டினாங்கம்மா" என்றாராம். "வீடு இருக்கில்ல உனக்கு? நல்லதுடா" என்றாராம். அதுதான் கடைசிப் பேச்சு. போனில் இதைச் சொல்லிவிட்டு வெண்டல் குழந்தை போல அழுதார். கேசினியும் அழுதாள். அவர் ஒரு காரணத்துக்கு அழுதார். அவள் இரண்டு காரணத்துக்கு அழுதாள்.

பள்ளிக்கூடம் திறப்பதற்குச் சில நாள் முன்னால் அவர் வந்து சேர்ந்தார். மணிக்கட்டில் அழுக்கேறிய நூல் அப்படியே இருந்தது. ஒட்டரிசிச் சோறும் பப்பாளிக்காய்ச் சாலடும் வைத்தாள். இரண்டு வாய் சாப்பிட்டவர் சட்டைப்பையிலிருந்து பாஸ்போர்ட்டை எடுத்து மேஜையில் போட்டார்.

"பாலத்துல ஏதோ தப்பாக் குத்திட்டான் போல. சுற்றுலான்னு இருக்கு. நாளைக்கு ஆபீஸ்ல குடுத்து மாத்திடு."

அவள் கையிலிருந்த சோற்று உருண்டையைக் கீழே வைத்தாள்.

"தப்பா இல்ல. சரியாத்தான் குத்தியிருக்கான்."

"என்ன?"

"உங்க பாஸ்போர்ட்டுல முத்திரை இல்ல. நான் போடல. அன்னிக்கு உங்ககிட்டப் பொய் சொன்னேன்."

அப்பாவின் மின்விசிறி சுற்றும் சத்தம் உள்ளிருந்து வந்தது. வெண்டல் பாஸ்போர்ட்டை எடுத்து அந்தப் பக்கத்தை மறுபடி பார்த்தார். கோபப்பட்டுக் கத்தியிருந்தால் அவள் தாங்கியிருப்பாள்.

"சொல்லியிருந்தா நான் போயிருக்க மாட்டேன்" என்றார் கடைசியில்.

"அதனாலதான் சொல்லல."

"எங்கம்மா என் மூஞ்சியப் பாத்துச் செத்தாங்க. அதுக்கு நான் உன் கால்ல விழணும். விழுவேன்." அவர் தட்டைத் தள்ளி வைத்தார். "ஆனா என் வாழ்க்கை, கேசினி. என்னை ஒரு வார்த்தை கேக்காம அதை எடுத்து நீ ஆத்துல போட்டுட்ட. நான் என்ன சின்னப் பையனா?"

இரண்டுமே உண்மையாக இருந்தன. ஒன்றை வைத்து ஒன்றை அழிக்க முடியவில்லை.

பள்ளிக்கூடம் திறந்து சில நாளில் தலைமையாசிரியை விலாவன் வீட்டுக்கே வந்தார். கையில் மாம்பழக் கூடை. பழக்கூடையோடு வரும் அதிகாரி நல்ல செய்தி கொண்டுவருவதில்லை.

"கேசினி, நான் கும்பிடாத சாமி இல்ல, பேசாத ஆள் இல்ல" என்றார் உட்காராமலே. "புதுசா விண்ணப்பம் போட்டா மேல பட்டத்தைக் கேப்பாங்க. கேட்டா இவரு பழைய காகிதமெல்லாம் வெளியில வரும். அதுல என் கையெழுத்தும் இருக்கு. எனக்கு ஓய்வு பெற ஒரு வருஷந்தாம்மா பாக்கி."

"டீச்சரம்மா, பிள்ளைங்க இவரைக் கேப்பாங்களே..."

"கேட்டாங்க. பிலிப்பைன்ஸ்லேர்ந்து ஒரு பொண்ணு வந்திருக்கா, பட்டம் இருக்கு, நல்லாப் பாடுதுன்னு சொன்னேன். அதோட விட்டுட்டாங்க." தன் வாய்தான் இதைச் சொன்னதா என்பது போல விலாவன் தலையைக் குனிந்துகொண்டார்.

கோர்ட், பதிவு, கல்யாணம், அதைக் காட்டி அனுமதி என்று கேசினி வக்கீலிடம் ஓடினாள். எல்லாம் நடக்கும், ஆனால் காலம் பிடிக்கும். அதற்குள் சுற்றுலா அனுமதி முடிந்துவிடும். அதற்கப்புறமும் வங்கியில் ஒரு தொகை அசையாமல் கிடப்பதாகக் காட்ட வேண்டும் என்றார் வக்கீல். வேலை இல்லாதவரிடம் எது கிடக்கும்? ஊருக்கெல்லாம் அவளே வழி சொன்ன அத்தனை நாடுகளையும் அவள் வெண்டலுக்காக மறுபடி மனசுக்குள் ஓட்டிப் பார்த்தாள். கோல்பிக்குச் சிரித்துக்கொண்டே சொன்ன அந்த ஒரு நாடுதான் கடைசியில் நின்றது. மூச்சு விட்டால் போதும் என்ற நாடு.

கம்போடியாவில், பாத்தம்பாங்கில் ஒரு மாலைப் பள்ளியில் வேலை கிடைத்தது. தங்க ஒரு அறை உண்டு. இருவர் தங்க முடியாது.

"அப்பாவை விட்டுட்டு என்னால வர முடியாது" என்றாள்.

"வரச் சொல்லல. சொல்லவும் மாட்டேன்" என்றார் அவர். "நான் போய் என் அம்மாவைப் பாத்தவன். உன்னை உங்கப்பாவ விட்டுட்டு வான்னு சொல்ல எனக்கு வாய் வருமா?"

அவர் புறப்படும் நாள் காலை வானம் இருட்டிக்கொண்டு நின்றது. வெண்டல் அப்பாவின் கட்டிலருகே குனிந்து விடைபெற்றார். அப்பாவுக்கு என்ன புரிந்ததோ, அவர் கையைப் பிடித்துக்கொண்டு விடவில்லை. மெதுவாக ஒவ்வொரு விரலாக விடுவித்துக்கொண்டு வெண்டல் முன்னறைக்கு வந்தார். சிவப்பு எழுத்து ஒட்டிய சுவரைத் தாண்டினார். செருப்பை மாட்டினார். பன்னிரண்டு வருஷமாகச் செருப்பைக் கழற்றி வைத்த இடம் அது. பாஸ்போர்ட்டின்படி அவர் இப்போது இந்த ஊருக்கு வந்துபோகும் ஒரு விருந்தாளி, அவ்வளவுதான்.

கேசினி வெள்ளை நூலோடு ஓடி வந்தாள்.

"கையக் குடுங்க."

அவர் அந்த நூலையும் அவளையும் பார்த்தார். பழைய நூல் இற்றுப்போய் மணிக்கட்டில் ஒரு இழையாகத் தொங்கிக்கொண்டிருந்தது.

"இதுவும் முத்திரைக்குப் பதிலா?" என்று கேட்டார்.

குத்திக்காட்டுவதற்காகக் கேட்கவில்லை. களைத்துப்போன குரலில், உண்மையிலேயே தெரிந்துகொள்ள விரும்பியவர் போலத்தான் கேட்டார். அதுதான் அவளைக் கொன்றது.

"கோர்ட்டுல போட்டுருக்கேன்" என்றாள். "முடிஞ்சதும் சொல்லியனுப்பறேன். வருவீங்கள்ல?"

"இந்தத் தடவை என்கிட்ட உண்மையச் சொல்லு. நடக்குமா?"

எத்தனை பேருடைய காகிதத்தைப் புரட்டி, நடக்கும், நடக்காது என்று ஒரே மூச்சில் சொன்னவள் அவள்.

"தெரியல" என்றாள்.

வெண்டல் தலையசைத்தார். கையை நீட்டவில்லை. பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, அவள் தலையில் ஒரு நிமிஷம் கன்னத்தை வைத்துவிட்டு, குனிந்து கதவின் கீழே வெளியேறினார். மூன்று சக்கர வண்டி இரைந்து பேருந்து நிலையத்தின் பக்கம் திரும்பியது.

உள்ளே அப்பா கட்டிலைத் தட்ட ஆரம்பித்தார். கேசினி நூலை உள்ளங்கையில் சுருட்டி மூடிக்கொண்டு, கடைக் கதவைத் தரைவரை இழுத்து இறக்கினாள்.