பெரியப்பாவிடம் கொடுத்த மனு

சிங்கப்பூரில் எங்கள் பிடோக் வீட்டுக்குப் பெரியப்பா ஊரிலிருந்து வந்து பத்து நாளாகியும், வந்த விஷயத்தை அப்பாவிடம் சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. வெங்காயம் போட்டுக்கொண்டிருந்தவர் ஒன்றியத் தலைவரானார். அதோடு நின்றாரா? எம்.எல்.ஏ. ஆகப் பார்த்து மண்ணைக் கவ்வினார். அந்தத் தேர்தலுக்காக வயலை விற்றுவிட்டார். அப்பாவும் தன் பங்கை அண்ணன் பெயரிலேயே விட்டுவைத்திருந்தார். சாங்கி ஏர்போர்ட்டில் கார்கோ வேலை முடிந்து வந்து, "அண்ணே, ரிட்டையர் ஆனதும் ஊருக்கே வந்துடறேன் லா. ரெண்டு பேரும் சேந்து வெங்காயம் போடுவோம்" என்பார் தினமும். பெரியப்பா சோற்றைப் பிசைந்துகொண்டே இருப்பார். இதெல்லாம் எனக்குப் பிற்பாடுதான் தெரிந்தது.

அப்போது எனக்கு எட்டு வயது. காலையில் அவர் வெள்ளை வேட்டி கட்டி, காரிடாரில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்காருவார். ஊரில் அந்நேரம் மனு கொடுக்க வரிசை நிற்குமாம். இங்கே எல்லாரும் லிப்டுக்கு ஓடினார்கள். வெயில் மெல்ல அவர் பாதத்திலிருந்து மடிக்கு ஏறும். அவர் எதிர் பிளாக்கைப் பார்த்தபடி எங்கோ இருப்பார். எனக்குப் பாவமாக இருந்தது.

ஆகவே நானே ஒரு மனு எழுதினேன். 'மதிப்பிற்குரிய பெரியப்பா, டிசம்பர் விடுமுறையில் நம் வயலை எனக்குக் காட்டும்படி தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறேன்.'

எழுந்து நின்று வாங்கினார். மனு யார் கொடுத்தாலும் அப்படித்தான் வாங்குவாராம். இரண்டு வரியை நெடுநேரம் படித்தார். எழுத்துப்பிழை தேடுகிறார் என்று பயந்துபோனேன். பிறகு பச்சை மையில் 'ஆவன செய்யப்படும்' என்று எழுதிக் கையெழுத்திட்டார்.

அன்று சாயங்காலம் அப்பா வந்ததும், "தம்பி, கொஞ்சம் உக்காருப்பா" என்றார் பெரியப்பா. அம்மா என்னைக் கீழே விளையாட அனுப்பினார். திரும்பி வந்தபோது அப்பா முகம் கழுவிக்கொண்டிருந்தார். குழாயை மூடவே இல்லை.

டிசம்பரில் அம்மாவும் நானும் மட்டும் ஊருக்குப் போனோம். அப்பாவுக்கு லீவு கிடைக்கவில்லையாம். பெரியப்பா சொன்ன சொல் தவறவில்லை. பனி விலகாத காலையில் என்னை அழைத்துப்போனார். கண்ணுக்கெட்டிய வரை வெங்காயத் தாள், நுனியெல்லாம் ஈரம். வரப்போரம் செருப்பைக் கழற்றிவிட்டு, தண்ணீர் பாய்ச்சிக்கொண்டிருந்தவரிடம், "பாப்பா பாக்கணும்னுச்சு. கொஞ்சம் எறங்கிப் பாத்துக்கலாமுங்களா?" என்றார்.

தன் வயலில் கால் வைக்கவும் இன்னொருவரிடம் இவ்வளவு மரியாதையாகக் கேட்கிறாரே, இவரைப் போய் ஊரார் தோற்கடித்தார்களே என்று எனக்கு ஆத்திரமாக வந்தது.