பக்கத்துப் பெட்டியில் மணமகள்

கண்ணாடியைத் துடைப்பவருக்கும் கண் உண்டு என்று என்றைக்காவது நினைத்திருக்கிறீர்களா? அந்த அருங்காட்சியகத்தில் யாரும் நினைக்கவில்லை.

பதினோரு ஆண்டாக அங்கே பெருக்கித் துடைத்தவருக்குப் 'பூச்சியக்கா' என்று பட்டப்பெயர். சன்னலோரத்தில் துள்ளித் திரியும் குதிக்கும் சிலந்திகளை அவர் அடிக்கமாட்டார். அங்குள்ள சிலந்தி ஆய்வாளரின் நுண்ணோக்கியை நாள்தோறும் துடைப்பார்; அதில் பார்க்க மட்டும் அனுமதியில்லை.

அதே சிலந்திகள் ஆய்வாளரின் அறையில் இரண்டு பெட்டிகளில் கிடந்தன. பளபளக்கும் கறுப்பு ஓர் இனம். நூறாண்டுக்கு முன் யாரோ பெயர் வைத்தது. சாம்பல் நிறம் வேறோர் இனம். பெயர் வைத்தவர் இந்த ஆய்வாளரே. முதல் பெட்டிமேல் 'பெண் கிடைக்கவில்லை', இரண்டாவதன்மேல் 'ஆண் கிடைக்கவில்லை' என்று அவரே எழுதி ஒட்டியிருந்தார்.

ஒருநாள் அக்கா கேட்டே விட்டார்.

"ஏன் சார், பொண்ணைப் பக்கத்துப் பெட்டியில வெச்சுக்கிட்டு ஊரெல்லாம் தேடுறீங்க?"

"யாரு சொன்னா?"

"சன்னல்ல கறுப்பன் முன்காலைத் தூக்கிக்கிட்டு தினமும் அந்தச் சாம்பல்காரி முன்னாடிதானே ஆடுறான்."

"ஆடிட்டா ஒரே இனமாயிடுமா? வேலையைப் பாருங்கம்மா."

சான்று கேட்டது நியாயம். துடைப்பத்தை ஞாபகப்படுத்தியது அநியாயம்.

"நிரூபிச்சா இந்த மைக்ராஸ்கோப்ல ஒரு தடவை பார்க்க விடுவீங்களா?"

"சரி, பார்ப்போம்."

அக்கா சன்னலோரத்துச் சாம்பல் சிலந்தி ஒன்றை முட்டைக்கூட்டோடு வீட்டுக்குக் கொண்டுபோனார். குஞ்சுகள் ஒன்றையொன்று தின்றுவிடாமல் தனித்தனிக் குப்பியில் விட்டு, அழுகிய வாழைப்பழத்தில் மொய்த்த சிறு ஈக்களைப் பிடித்துப் போட்டார்.

"எனக்கு முன்னாடி இதுங்களுக்குப் பந்தியா?" என்றார் கணவர்.

"இதுங்க உப்பு பத்தலைன்னு சொல்றதில்லையே."

மாதங்கள் ஓடின. பிழைத்த பத்தொன்பதும் சாம்பலாகவே வளர்ந்தன. கணவர் வாய்க்குள் சிரித்தார். அக்காவுக்குச் சோறு இறங்கவில்லை. பிறகு ஒரு காலையில், கடைசித் தோலை உரித்த சிலந்தி ஒன்று கறுப்பாக நின்றது. அந்த வாரத்துக்குள் எட்டு கறுப்பு, பதினொன்று சாம்பல். ஒரே தாயின் பிள்ளைகள்!

குப்பிகளை மேசைமேல் அடுக்கினார். ஆய்வாளர் ஒவ்வொன்றாக உருட்டிப் பார்த்தார். கறுப்பு ஆண், சாம்பல் பெண், இனம் ஒன்றே என்றால் முதலில் வைத்த பழைய பெயர்தான் நிற்கும், அவர் வைத்த பெயர் செல்லாது. இரண்டு சீட்டுகளையும் கிழித்தார். பிறகு கறுப்பன் ஒருவனை நுண்ணோக்கியின் அடியில் வைத்து, அதன் முன் நாற்காலியை இழுத்துப் போட்டார்.

"உட்காருங்க."

அக்கா ஈரக்கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு கண்ணை வைத்தார். எதிரே கார் விளக்குபோல் இரண்டு பெரிய கண்கள்.

"அட, இவன் என்னைத்தான் பார்க்கிறான்."

உங்கள் அலுவலகத்திலும் துடைக்க மட்டும் அனுமதி பெற்றவர் ஒருவர் இருப்பார். நாளைக்கே ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு, என்ன பார்த்தீர்கள் என்று அவரிடம் கேளுங்கள்.