சென் ஜேம்ஸ் ரவுண்: ஒரு கசெற்றுக்காகப் போன பயணம்

“நான் கதைக்கேக்கை நீங்கள் பக்கத்திலை இருப்பியளோ, சேர்?” என்று முகுந்தன் (மாற்றிய பெயர்) தொலைபேசியில் கேட்டான். அது 1993 அக்டோபர். யாழ்ப்பாணத்தில் என்னிடம் கணக்குப் படித்தவன். பிறகு போராளி இயக்கத்துக்குப் போய், விலகி, ரொறன்ரோவில் அகதி வழக்கின் முடிவுக்குக் காத்திருந்தான். அங்கே செல்வி என்ற வரலாற்று ஆய்வாளர், தளபதிகளை விட்டுவிட்டு, உள்நாட்டுப் போரில் நின்ற சாதாரண ஆட்களின் கதைகளைக் கசெற்றில் பதிந்துகொண்டிருந்தார். முகுந்தனுக்குச் சொல்லவும் ஆசை. சொன்னது வெளியே போனால் வழக்குக் கெட்டுவிடும் என்ற பயமும் இருந்தது.

நான் இருந்த மொன்றியலிலிருந்து ரொறன்ரோ 540 கிலோமீற்றர். காலை எட்டு மணி பஸ் பிற்பகல் மூன்றுக்குக் கொண்டுபோய் விட்டது. கட்டணம் மறந்துவிட்டது, இப்போது எப்படியும் வேறாகத்தான் இருக்கும். சப்வேயில் ஷேர்போன் நிலையத்தில் இறங்கித் தெற்கே நடந்தால் செல்வி இருந்த சென் ஜேம்ஸ் ரவுண் அடுக்குமாடிக் குடியிருப்பு. கட்டடங்கள் ஒரே அச்சு. நான் பிழையான வீட்டு மணியை அடித்துவிட்டேன்.

“செல்வி வீடோ? உது அடுத்த கட்டடம், அண்ணை,” என்றார் கதவைத் திறந்தவர். “உங்கை வாற விருந்தாளியெல்லாம் முதல்லை என்ரை நித்திரையைத்தான் குழப்புகினம்.”

செல்வியின் வீட்டில் முகுந்தன் சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் இருந்தான்.

“நான் சண்டைக்கதை சொல்லமாட்டன், அக்கா.”

“ஆர் கேட்டது? முகாமுக்குப் போன முதல் நாள் என்ன சாப்பிட்டனீர்?”

“பருப்புக்கறி. பருப்பு மட்டும் லீவிலை போயிட்டுது.”

செல்வி சிரித்தார். அவனும் சிரித்தான். அதன்பின் ஒரு மணி நேரம் பேசினான்: காலைக் கடித்த செருப்பு, நுளம்புக்கடி, காவலில் தூங்கி வாங்கிய ஏச்சு. முடிந்ததும் செல்வி கசெற்றை எடுத்து அவன் கையில் வைத்தார். பிரதி எடுக்கவில்லை. வீட்டில் போட்டுக் கேட்டுவிட்டு, விரும்பினால் திருப்பித் தரலாம். இல்லையென்றால் அது அவனுடையது. எல்லாரிடமும் அப்படித்தானாம்.

அவன் போனபின், “கசெற் திரும்பி வராட்டில்?” என்று கேட்டேன்.

“கனபேர் வரேல்லை, சேர். ஆனா பறிச்சு வைச்சிருந்தால் அடுத்த ஆள் வாய் திறக்காது.”

ஆசிரியனாக இருந்த எனக்கு அது விளங்கியது. விடைத்தாளைப் பறித்தால் பிள்ளை எழுதி முடிக்காது. ஆனாலும் அன்றிரவு மனம் அந்தக் கசெற்றையே சுற்றியது.

மூன்றாம் நாள் காலை, நான் தங்கியிருந்த செல்வி வீட்டில் பையைக் கட்டும்போது முகுந்தன் கசெற்றோடு வந்தான்.

“இதிலை ரவி இல்லை, அக்கா. கேட்டுப் பாக்கத்தான் தெரிஞ்சது, அவனை விட்டிட்டன்.”

ரவி முகாமில் சமைத்தவன். சண்டைக்கென்று துவக்குத் தூக்கியதே இல்லை. சமையலுக்குத் தண்ணீர் அள்ளக் கிணற்றடிக்குப் போன இடத்தில் ஷெல் குண்டு விழுந்தது. அப்போது பக்கத்தில் நின்றது முகுந்தன் மட்டும்.

“தாய்க்குச் சண்டையிலை செத்தவன் எண்டுதான் சொல்லி இருக்கு. நான் சொல்லாட்டில் அவன் தண்ணி அள்ளினது ஒருத்தருக்கும் தெரியாது.”

“உம்மடை வழக்கு?” என்றேன்.

கசெற்றைச் செல்வியிடம் நீட்டினான். “என்ரை பேர் வாற இடத்தையெல்லாம் அழியுங்கோ. அவன்ரை பேரை அப்பிடியே விடுங்கோ.”

செல்வி பதியத் தொடங்கினார். நான் எட்டு மணி பஸ்ஸை விட்டுவிட்டு மத்தியான பஸ்ஸில் திரும்பினேன்.

ரொறன்ரோ போகிறவர்கள் ஏரியையும் கோபுரத்தையும் தாராளமாகப் பாருங்கள். போரிலிருந்து வந்த ஒரு உறவினர் வீட்டில் தங்க நேர்ந்தால் ஒரு பின்னேரத்தை அவருக்கு ஒதுக்குங்கள். எத்தனை சண்டை என்று கேட்க வேண்டாம். அவரோடு நின்றவர்களில் ஒருவரைப் பற்றிச் சொல்லச் சொல்லிக் கேட்டுப் பாருங்கள்.